பாட்டுக்கு உரியவர்: ஓரிக்கைத் திருநங்கை இசைக்கலைஞர் ஒருவரின் தொழில் அனுபவம்

காஞ்சிபுரத்திலிருந்து உத்திரமேரூர் செல்லும் சாலையில், பாலாற்றைக் கடப்பதற்கு முன் வரும் ஓரிக்கையிலும் அதைச் சுற்றியுள்ள ஊர்களிலும் பாட்டைத் தொழிலாகக் கொண்ட திருநங்கையர் மூன்று வழிகளில் பிழைத்து வந்துள்ளனர். முதலாவது, திரௌபதி அம்மன் திருவிழாக்களை ஒட்டி இரவு முழுவதும் நடைபெறும் தெருக்கூத்து. இரண்டாவது, கடை கேட்டல் என்று திருநங்கையரிடையே வழங்கும், கடைகளின் முன் நின்று வாழ்த்திக் காசு பெறும் வழக்கம். மூன்றாவது, கைப்பேசி எல்லார் கைக்கும் வந்த பின் தோன்றிய யூடியூப் சேனல். நெசவாளர் வீட்டில் பிறந்து, கூத்தில் பெண் வேடம் கட்டி, பின்னர் ஆர்மோனியத்துக்கு மாறி, இன்று சொந்தமாக வீடியோ சேனல் நடத்தும் இக்கட்டுரையாளர் இம்மூன்றிலும் உழைத்தவர். இவற்றை ஒருசேர வைத்துப் பார்க்கும்போது உறுதியாகச் சொல்லக்கூடியது ஒன்று உண்டு: ஒரு திருநங்கைக் கலைஞரின் வாழ்வு உயர்வதும் தாழ்வதும், அவர் பாடிய பாட்டும் அதன் பதிவும் அதனால் வரும் வருவாயும் யாருடைய பெயரில் இருக்கின்றன என்பதைப் பொறுத்தே அமைகின்றன.

காஞ்சிபுரம், உத்திரமேரூர், செய்யாறு, வந்தவாசி வட்டாரங்களில் பங்குனி தொடங்கி ஆடி வரை நீளும் காலமே கூத்துக்காரர்களுக்குச் சீசன். பாரதம் நடத்தும் ஊரில் பகலில் பிரசங்கியார் கதை சொல்ல, அன்றன்று சொன்ன கதையை ஒட்டி இரவில் கூத்து நடக்கும். ‘அர்ச்சுனன் தபசு’ அன்று நடிகர் உயர்ந்த தபசு மரத்தில் பாடியபடியே ஏறுவார். கடைசி நாள் காலையில் துரியோதனனின் பெரிய மண்ணுருவத்தின் மேல் படுகளம் நடந்து, மாலையில் தீமிதியுடன் விழா நிறைவுறும். கூத்துக் குழுவை ஜமா என்றும், அதற்குப் பாடம் சொல்லி நடத்துபவரை வாத்தியார் என்றும் இவ்வட்டாரத்தில் அழைப்பர். ஊர்ப் பெரியவர்கள் தாம்பூலத்துடன் முன்பணம் கொடுத்து ஆட்டத்தைப் பேசி முடிப்பர். கிடைத்த தொகையில் செலவு போக மீந்தது பங்கு முறையில் பிரியும். கர்ணன், துரியோதனன் போன்ற பெரிய வேடங்களுக்கும் மிருதங்கம், ஆர்மோனியம் வாசிப்பவர்களுக்கும் ஒரு பங்கு, புதிதாக வந்தவருக்கு அரைப்பங்கு என்பது போன்ற கணக்கு அது. எழுத்தில் எதுவும் இராது. சொல்லும் நினைவும் மட்டுமே ஆவணம்.

பெண் வேடம் கட்டுவோருக்கு இந்தப் பங்கில் நல்ல இடம் இருந்தது. திரௌபதியின் துகிலுரியும் ஆட்டமும், கருமாதிச் சடங்கை ஒட்டி இறந்தவருக்காக நடத்தப்படும் ‘கர்ண மோட்சம்’ ஆட்டத்தில் கர்ணனின் மனைவியான பொன்னுருவியும் பாட்டை நம்பி நிற்கும் பகுதிகள் ஆதலால், குரல் வளமுள்ள பெண் வேடக்காரரைத் தேடி வாத்தியார்கள் ஊர் ஊராக வருவார்கள். கூத்துப் பாட்டின் சுருதி உயர்ந்தது. சுருதியைக் கட்டை என்னும் அளவால் சொல்வது தமிழ் இசைக்காரர்களின் வழக்கம்; ஆர்மோனியத்தின் வெள்ளைக் கட்டைகளை ஒன்று, இரண்டு என்று எண்ணி, கறுப்புக் கட்டைகளை அரைக்கட்டையாகக் கணக்கிடுவர். கச்சேரி மேடையில் ஆண் பாடகர்கள் பொதுவாக ஒன்றிலிருந்து இரண்டு கட்டைக்குள்ளும் பெண் பாடகர்கள் ஐந்தை ஒட்டியும் பாடுகையில், கூத்தில் ஆண்களே அதற்கு நெருக்கமான மேல் சுருதியைப் பிடிக்க வேண்டியிருந்தது. ஒலிபெருக்கி இல்லாத காலத்தில், மிருதங்கத்தையும் முகவீணையையும் தாண்டிக் களரியின் கடைசி வரிசைக்குச் சொல் போய்ச் சேர்வதற்கு வேறு வழி இல்லை. மைக் வந்த பின்னும் அந்தச் சுருதியே கூத்தின் அடையாளமாக நிலைத்துவிட்டது. இளவயதில் அந்த உயரத்துக்கு எளிதில் எட்டிய குரலே இக்கட்டுரையாளரை வாத்தியார் ஒருவரிடம் கொண்டு சேர்த்தது. விருத்தத்தை இழுத்து நிறுத்துவது, பின்பாட்டுக்காரர்கள் அடியைத் திருப்பிப் பாடும் இடைவெளியில் மூச்சைச் சேமிப்பது, தூக்கம் கண்ணைச் செருகும் மூன்றாம் சாமத்தில் தாளம் தவறாமல் நிற்பது ஆகிய மூன்றும் அங்கே கற்ற முதல் பாடங்கள்.

தமிழ் நாடக மரபு பெண் வேடமிட்ட ஆண்களைப் பெரிதும் போற்றியிருக்கிறது. ஔவையார் வேடத்தில் நடித்துப் புகழ்பெற்ற தி. க. சண்முகம் ‘ஔவை’ என்னும் அடைமொழியுடனேயே வாழ்ந்து மறைந்தார். கூத்திலும் நல்ல திரௌபதி வேடக்காரரின் காலில் விழுந்து வணங்கும் பெண்கள் உண்டு. இந்த மதிப்புக்கு ஒரு நிபந்தனை இருந்தது: விடிந்ததும் வேடம் கலைந்து, கட்டியவர் ஆணாக வீடு திரும்ப வேண்டும். கூந்தலை வளர்த்துப் பகலிலும் சேலை உடுத்தத் தொடங்கியவரைப் பெண் வேடத்துக்கு அழைக்க ஜமாக்கள் தயங்கின. “ராத்திரி கட்டுற பார்ட்ட காலையில கலைச்சிடணும் தம்பி, அப்பதான் ஊரு மதிக்கும்” என்று வாத்தியார் சொன்னது பகையால் அன்று. அடுத்த ஆண்டும் அதே ஊரில் தாம்பூலம் வாங்க வேண்டுமே என்ற அச்சத்தால். மேடையில் பெண்ணாக நடிப்பவரைக் கலைஞராகவும், வாழ்வில் பெண்ணாக இருப்பவரைக் குறையுடையவராகவும் காணும் அந்த இரட்டைப் பார்வையே, இத்தொழிலில் திருநங்கையர் முதலில் சந்திக்கும் தடை. பரி இளவழகன் இயக்கி 2024-இல் வெளிவந்த ‘ஜமா’ திரைப்படம், பெண் வேடம் கட்டும் கலைஞர் ஊரில் படும் ஏளனத்தைத் திருவண்ணாமலைப் பக்கத்துக் கூத்துச் சூழலில் வைத்துக் காட்டியது; ஆணாக வாழ்பவருக்கே அந்த ஏளனம் என்றால், திருநங்கைக்கு எப்படியிருக்கும் என்பதை விளக்கத் தேவையில்லை.

வேடத்தைவிட்டு ஆர்மோனியத்துக்கு நகர்ந்தது இந்த நெருக்கடியின் விளைவு. களரியின் பின்புறப் பெஞ்சில் வாத்தியக்காரர்கள் அமர்வர்; திரையைப் பிடிப்பதும் விலக்குவதும், வேடம் நுழைவதும் ஆடுவதும் அவர்களுக்கு முன்னால் நிகழும். ஊரார் கண் வேடத்தின் மேல் இருக்கும்போது பெஞ்சில் அமர்ந்திருப்பவரின் உடையை யாரும் பெரிதுபடுத்துவதில்லை. ஆர்மோனியமே சில காலம் இழிவாகக் கருதப்பட்ட வாத்தியம் என்பதும் இங்கே நினைக்கத்தக்கது. கமகங்களுக்கு இடங்கொடாத அயல் கருவி என்ற காரணத்தால் 1940 முதல் 1971 வரை அகில இந்திய வானொலி அதனைத் தடை செய்திருந்தது. வானொலி விலக்கிய அக்காலம் முழுவதும் கூத்தும் இசை நாடகமும் அதைக் கைவிடவில்லை. ஒவ்வொரு நடிகரின் சுருதிக்கும் நொடியில் மாறி, மறந்த அடியை முன்கூட்டியே தொட்டுக் காட்டி, ஆட்டத்தை இழுத்துச் செல்லும் பொறுப்பு ஆர்மோனியக்காரருடையது. பெஞ்சில் கழிந்த அந்த ஆண்டுகளில் ஜமாவின் பாட்டு முழுவதும் மனப்பாடமானது. பிற்காலச் சேனலுக்கு மூலதனமாக அமைந்தது அதுவே.

இதே காலத்தில் காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கலில் நிகழ்ந்த ஒரு முயற்சி கூத்துலகின் போக்கை மாற்றியது. கூத்துக் கலைஞர் பெ. இராஜகோபாலும் ஆய்வாளர் ஹன்னே எம். டி புருயினும் முன்னின்று வளர்த்த கட்டைக்கூத்துச் சங்கம் 1990-இல் தொடங்கப்பட்டது. அது 2002 முதல் 2020 வரை நடத்திய குருகுலத்தில் பள்ளிப் படிப்புடன் கூத்தும் கற்பிக்கப்பட்டதோடு, ஆண் பிள்ளைகளுடன் பெண் பிள்ளைகளும் பயின்று மேடையேறினர். பெண்கள் ஆண் வேடமும் கட்டி ஆடியதைக் கண்ட பிறகு, வேடத்துக்கும் கட்டுபவரின் பாலுக்கும் இடையே இருந்த முடிச்சு இப்பகுதியில் தளர்ந்தது. அந்தத் தளர்வு திருநங்கையரை முன்னிட்டு நிகழ்ந்ததன்று எனினும், அதன் பயன் அவர்களுக்கும் கிடைத்தது.

குரலைப் பற்றிய உண்மைகளைத் திருநங்கைப் பாடகர் தொடக்கத்திலேயே அறிந்துகொள்வது நல்லது. விடலைப் பருவத்தில் டெஸ்டோஸ்டிரோன் என்னும் இயக்குநீர் குரல்நாண்களை நீளவும் தடிக்கவும் செய்துவிடும். பின்னாளில் எடுத்துக்கொள்ளும் ஈஸ்ட்ரோஜன் உடலின் பல கூறுகளை மாற்றினாலும், தடித்த குரல்நாணை மெலியச் செய்வதில்லை. பெண்ணாகப் பிறந்ததாகக் கருதப்பட்டு ஆணாக வாழும் திருநம்பியருக்கு நிலைமை நேர்மாறானது. அவர்கள் டெஸ்டோஸ்டிரோன் எடுக்கத் தொடங்கினால் குரல் இறங்கிவிடும், பழகிய சுருதியும் கைநழுவும். ஆகவே திருநங்கையர் பலர் கள்ளக்குரல் என இசைக்காரர்கள் சொல்லும் மெலிந்த மேல் குரலில் திரைப்படப் பாடகியரைப் போலப் பாட முயல்கின்றனர். சில ஆண்டுகளில் தொண்டை வறண்டு, நடுக்குரலும் கரகரத்துப் போகிறது. இக்கட்டுரையாளர் அனுபவத்தில் கண்ட வழி வேறு. இரண்டரை அல்லது மூன்று கட்டையில் ஆதார சுருதியை வைத்துக்கொண்டு, விடியற்காலையில் அகார சாதகம் செய்து, ஒலி நெஞ்சில் அதிராமல் முகத்தின் முன்பகுதியில் அதிரும்படி பழகினால், சுருதியை உயர்த்தாமலே குரலுக்கு ஒளி கூடும். பெண் குரல் என்று கேட்பவர் உணர்வதில் சுருதியின் உயரம் ஒரு பங்கு மட்டுமே. சொல்லை முடிக்கும் விதமும் அதிர்வின் இடமும் மூச்சின் மென்மையும் மற்றப் பங்குகள். இதைப் புரிந்துகொண்டவர் தம் குரலை மறைக்கத் தேவையில்லாத குரலாக ஏற்றுப் பாடத் தொடங்குகிறார். அந்த நிலைக்கு வந்த பின்னரே கேட்பவர் பாட்டைக் கேட்கத் தொடங்குகின்றனர்.

கூத்தில்லாத மாதங்களில் வருவாய் கடை கேட்டலால் வந்தது. திருநங்கையரின் குடும்ப அமைப்பான ஜமாத்தில் குருவும் அவர் மகளாக ஏற்கும் சேலாவும் தாயும் பிள்ளையுமாக வாழ்வர்; எந்தக் கடைத்தெரு எவருக்கு என்பதும் அங்கேயே வகுக்கப்படும். வாழ்த்திப் பாடிக் காசு பெறுவதில் இழிவு காண்பவர்கள், வீட்டைவிட்டு வெளியேற்றப்பட்ட பதின்பருவப் பிள்ளைக்கு அன்று சோறிட்ட ஒரே அமைப்பு ஜமாத்தே என்பதை நினைக்க வேண்டும். எனினும் இசைக்காரர் என்ற முறையில் அதில் ஒரு குறையைச் சொல்லியாக வேண்டும். கடை முன் பாடும் பாட்டுக்குக் கிடைக்கும் காசு பாட்டின் விலையாக இருப்பதில்லை. வாழ்த்து வேண்டியோ விரைந்து அனுப்பிவிட எண்ணியோ கொடுப்பது அது. நன்றாகப் பாடினாலும் சுமாராகப் பாடினாலும் ஒரே காசு என்னும் நிலையில், சாதகம் செய்வதற்கான ஊக்கம் மெல்லத் தேய்ந்துவிடுகிறது.

பாட்டுக்கு முழு மதிப்பு கிடைத்த இடம் கூவாகம். கள்ளக்குறிச்சி மாவட்டத்து அவ்வூரில் சித்திரைப் பௌர்ணமியை ஒட்டி நடைபெறும் கூத்தாண்டவர் திருவிழாவில், களப்பலியாகும் அரவானை மணந்து தாலி ஏற்று மறுநாள் அறுக்கும் சடங்குக்காக நாடெங்கிலுமிருந்து திருநங்கையர் கூடுவர். கூத்தில் ‘அரவான் களப்பலி’ பாட்டுகளை அறிந்தவருக்கு அந்த இரவில் தனி மரியாதை உண்டு. கும்மியடித்துக்கொண்டே நூறு பேர் பின்பாட்டுப் பாடக் கிடைப்பது வேறெங்கும் வாய்க்காத சூழல். ஆண்டுதோறும் ஒளிப்படக்காரர்களும் செய்தியாளர்களும் அங்கே குவிந்து, அழுகையையும் அலங்காரத்தையும் படமெடுத்துச் சென்றனர்; பாட்டைப் பதிவு செய்து, பாடியவர் பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டவர் அரிது. படத்தில் இருப்பவருக்கும் படத்துக்கு உரியவருக்கும் உள்ள தூரத்தை இக்கட்டுரையாளர் முதலில் உணர்ந்தது அங்கேதான்.

2000-க்குப் பிந்திய ஆண்டுகளில் திருநங்கையருக்குப் பொதுவெளியில் சில கதவுகள் திறந்தன. மதுரை அனுப்பானடியில் பிறந்த நர்த்தகி நடராஜ், தோழி சக்தி பாஸ்கருடன் வீட்டைவிட்டு வந்து, தஞ்சாவூர் கே. பி. கிட்டப்பா பிள்ளையிடம் குருகுல முறையில் பரதம் பயின்றவர். தேவதாசி மரபின் நாயகி பாவத்தைத் தமக்குரியதாக வளர்த்தெடுத்து, 2011-ஆம் ஆண்டுக்கான சங்கீத நாடக அகாதமி விருதையும் 2019-இல் பத்மஸ்ரீ விருதையும் பெற்றார். இரக்கத்தை வேண்டாமல், மரபை முழுமையாகக் கற்று அதன் வல்லுநராக நின்ற அவருடைய வழி, இக்கட்டுரையாளரின் தலைமுறைக்கு வலுவான சான்றாயிற்று. 2007-இல் வெளிவந்த லிவிங் ஸ்மைல் வித்யாவின் ‘நான், வித்யா’ என்னும் தன்வரலாறும், 2008-இல் விஜய் தொலைக்காட்சியில் ரோஸ் நடத்திய ‘இப்படிக்கு ரோஸ்’ நிகழ்ச்சியும், 2014 ஆகஸ்டில் கோயம்புத்தூரின் லோட்டஸ் தொலைக்காட்சியில் பத்மினி பிரகாஷ் செய்தி வாசித்ததும் அடுத்தடுத்த அடையாளங்கள். 2008 ஏப்ரலில் தமிழக அரசு திருநங்கையருக்கென நல வாரியம் அமைத்ததும், 2014 ஏப்ரல் 15 அன்று உச்ச நீதிமன்றம் ஒருவர் தம் பாலினத்தைத் தாமே வரையறுத்துக்கொள்ளும் உரிமையை ஏற்றுத் தீர்ப்பளித்ததும் ஊர் மட்டத்தில் உடனே தெரியும் மாற்றத்தை உண்டாக்கின. அரசு அலுவலகங்களில் பேச்சு மாறியது, ஊர்த் திருவிழாக் குழுவில் பேசவும் ஓர் ஆதாரம் கிடைத்தது. கர்நாடகத்தில் ஜோகதி மரபின் பாடலும் ஆடலும் கற்ற மஞ்சம்மா ஜோகதி 2019-இல் அம்மாநில நாட்டார் கலை அகாதமியின் தலைவரானது, கிராமியக் கலை வழியாகவும் இத்தகைய உயர்வு இயலும் என்பதைக் காட்டியது.

பதிவுத் தொழிலின் மாற்றம் இதற்கு இணையாக நிகழ்ந்தது. தொண்ணூறுகளில் புகழ்பெற்ற ஜமாக்களின் ஆட்டம் ஒலிநாடாவாகி, காஞ்சிபுரம், திருவண்ணாமலை பேருந்து நிலையக் கடைகளில் விற்றது; பிறகு குறுந்தகடாகியது; அதன்பின் திருமண வீடியோ எடுப்பவர்களே திருவிழாவில் விடிய விடியக் கூத்தைப் படமாக்கித் தம் சேனல்களில் ஏற்றினர். ஆட்டம் ஊர்களைக் கடந்து சென்றது நன்மையே. ஆயினும் பதிவுக்குக் கலைஞரிடம் இசைவு கேட்பதோ, வருவாயில் பங்கு தருவதோ வழக்கத்தில் இல்லை. 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் பின்னர் சேர்க்கப்பட்டு, 2012-இல் விரிவாக்கப்பட்ட நிகழ்த்துநர் உரிமை என்பது, பாடுபவர், ஆடுபவர், வாசிப்பவர் ஆகியோரின் இசைவின்றி அவர்தம் நிகழ்ச்சியைப் பதிந்து பரப்பக் கூடாது என்னும் உரிமை. நிகழ்ச்சி நடந்த பின் ஐம்பது ஆண்டுகள் வரை அது நீடிக்கும். கூத்துக்காரர்களிடையே இச்செய்தி பரவியிருந்தால், ஆர்மோனியப் பெஞ்சிலிருந்த பலரின் முதுமை இத்தனை வறுமையில் கழிந்திராது.

2016 செப்டம்பரில் ஜியோ சேவை தொடங்கிக் கைப்பேசித் தரவின் விலை சரிந்ததும், சிற்றூர்களில் வீடியோ பார்க்கும் பழக்கம் ஓராண்டுக்குள் வேரூன்றியது. இக்கட்டுரையாளர் சேனல் தொடங்கியது அதை அடுத்துத்தான். முதல் சிக்கல் ஒலி. கைப்பேசியின் பதிவுச் செயலிகள் பேச்சுக்கென வடிவமைக்கப்பட்டவை. மாறாமல் ஒலித்துக்கொண்டிருக்கும் சுருதியை அவை இரைச்சல் என்று கருதிக் குறைத்துவிடும், ஆர்மோனியம் ஓங்கியதும் ஒலியளவைத் தாமாகவே இறக்கிக் குரலை அமுக்கிவிடும். இத்தானியங்கு வசதிகளை நீக்கக்கூடிய செயலியைத் தேர்வதும், சட்டையில் செருகும் மைக்கைக் குரலுக்குத் தனியாக வைப்பதும், ஆர்மோனியத்தின் பின்பலகை மைக்கை நோக்காதவாறு திருப்பி அமர்வதும் முதலில் செய்ய வேண்டியவை. இன்னொரு நுட்பமும் உண்டு: பழைய ஆர்மோனியங்களின் சுருதி கீபோர்டின் அளவுச் சுருதியோடு பொருந்துவதில்லை ஆதலால், பின்னணிக்குக் கீபோர்டு சேர்க்க விரும்புவோர் அதன் சுருதியைச் சிறிது சிறிதாக நகர்த்தி ஆர்மோனியத்துக்கு இணக்க வேண்டும், இல்லையேல் குரல் இரண்டுக்கும் நடுவில் தவிக்கும். தறிச் சத்தம் ஓயும் நேரமே ஓரிக்கையில் பதிவுக்கு உகந்த நேரம். நெசவாளர் தெருவில் வளர்ந்தவருக்கு அந்த நேரம் எப்போது வரும் என்பது பழகிய செய்தி.

இரண்டாவது சிக்கல் உரிமை. திரைப்படப் பாட்டைப் பாடினால் பார்வை விரைவில் ஏறும் என்பது உண்மை. யூடியூப் 2007 முதல் பயன்படுத்திவரும், ஒலியையும் மெட்டையும் ஒப்பிட்டு உரிமையாளரைக் கண்டறியும் தானியங்கு முறை, அப்பாட்டால் வரும் வருவாயை இசை நிறுவனத்துக்குத் திருப்பிவிடக்கூடும் என்பதும் உண்மை. பாடியவருக்குப் பார்வை மட்டும் மிஞ்சும். ஆகவே இச்சேனல் வேறு பாட்டுகளை நாடியது. இந்தியாவில் ஆசிரியர் இறந்து அறுபது ஆண்டுகள் கழிந்த படைப்பு பொதுச்சொத்தாகிவிடும் என்பதால், அருணாசலக் கவிராயரின் இராம நாடகக் கீர்த்தனைகள், கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தனார் சரித்திரம், காமாட்சியின் மேல் சியாமா சாஸ்திரிகள் இயற்றிய உருப்படிகள் ஆகியவற்றை எவரும் தம் குரலில் பதிந்து அப்பதிவுக்கு உரிமை கொள்ளலாம். கூத்துப் பாட்டுகளில் இன்னாருடையது என்று அறியப்பட்டவற்றை அந்த வாத்தியாரின் இசைவோடும் பெயரோடும் வெளியிடுவதை இக்கட்டுரையாளர் விதியாகக் கொண்டுள்ளார்; தமக்கு மறுக்கப்பட்ட ஒன்றைப் பிறருக்கு மறுப்பது அறமாகாது.

மூன்றாவது சிக்கல் பெயர். 2018 தொடக்கம் முதல், ஒரு சேனலுக்கு 1,000 சந்தாதாரர்களும் பன்னிரண்டு மாதத்தில் 4,000 மணி நேரப் பார்வையும் சேர்ந்த பின்னரே விளம்பர வருவாய்க்கு விண்ணப்பிக்கலாம் என்று யூடியூப் விதித்தது. நீள வீடியோக்களின் விளம்பர வருவாயில் 55 விழுக்காடு படைப்பாளருக்குரியது. கணக்கில் 10 டாலர் சேர்ந்ததும் முகவரியை உறுதிசெய்யும் எண் அஞ்சலில் வரும். 100 டாலர் சேர்ந்த பின் பணம் வங்கிக்கு வரும். கேட்பதற்கு எளிய இந்நடைமுறையில் திருநங்கையர் பலர் இடறினர். வங்கிக் கணக்கு பழைய பெயரில், சேனல் புதிய பெயரில், ஆதார் வேறொரு முகவரியில் என்றிருந்தால் பணம் நின்றுவிடும். வாடகை வீட்டுக்காரர் முகவரிச் சான்று தர மறுத்தால் அஞ்சல் வந்து சேராது. இதனால் உறவினர் அல்லது நண்பர் கணக்கில் பணம் பெற்று, பின்னர் கணக்குக் கேட்க முடியாமல் சேனலையே இழந்தவர்களும் உண்டு. நிரந்தரக் கணக்கு எண் அட்டையில் 2018-இல் திருநர்க்கெனத் தனிப் பிரிவு சேர்ந்ததும், 2019-ஆம் ஆண்டின் திருநர் உரிமைப் பாதுகாப்புச் சட்டத்தின்படி மாவட்ட ஆட்சியரிடம் அடையாளச் சான்று பெற 2020-இல் இணையவழி விண்ணப்பம் தொடங்கியதும் இவ்வகையில் பேருதவியாயின. அச்சட்டத்தின் மேல் திருநர் இயக்கங்கள் வைத்த குறைகள் நியாயமானவை. பாலினத்தைத் தாமே வரையறுக்கும் உரிமையை ஆட்சியரின் சான்றுக்கு உட்படுத்தியது அவற்றுள் முதன்மையானது. இருந்தும், கையில் சான்று வந்த பின் வங்கியில் பெயர் மாற்றுவது எளிதாயிற்று என்பதையும் தொழில் அனுபவம் சொல்கிறது.

பெயருக்கு அடுத்த நிலையில், எதைக் காட்டுவது என்ற கேள்வி எழும். அறுவை சிகிச்சையைப் பற்றியும், குடும்பம் துரத்திய நாளைப் பற்றியும் கண்ணீருடன் பேசும் நேர்காணலுக்கு வரும் பார்வை, ஒரு மாத சாதகத்துக்குப் பின் பதிந்த கீர்த்தனைக்கு வருவதில்லை. நேர்காணல் எடுக்க வருவோர் பலரும் அந்த இரண்டையும் தவிர வேறெதையும் கேட்பதில்லை. துயரைச் சொல்வது தேவையான காலம் ஒன்று இருந்தது. 2000-களின் தொடக்கத்தில் அ. மங்கையின் நெறியாள்கையில் கண்ணாடிக் கலைக்குழுவின் திருநங்கையர் தம் வாழ்வை மேடையேற்றியபோது, ஊர் அறியாத உண்மையை அவர்களே, தம் சொல்லில், தம் அரங்கில் சொன்னார்கள். அதே துயரத்தை இன்னொருவர் சேனலுக்கு மீண்டும் மீண்டும் சொல்லும்போது, சொல்பவர் சொல்லியே தேய்கிறார், வருவாய் கேட்பவருக்குச் செல்கிறது. இக்கட்டுரையாளர் காலப்போக்கில் கைக்கொண்ட முறை, உடலைப் பற்றிய கேள்விகளுக்கு விடையளிக்காமல், ஒவ்வொரு வீடியோவிலும் ஒரு பாட்டையும் அதன் நுட்பத்தையும் விளக்குவது. விருத்தம் பாடுவது எப்படி, இரவு முழுவதும் தொண்டையைக் காப்பது எப்படி, ‘அர்ச்சுனன் தபசு’ மரத்தின் மேலிருந்து பாடுவோர்க்கு ஆர்மோனியக்காரர் சுருதியை எட்டச் செய்வது எப்படி என்பன போன்ற பாடங்கள் மெதுவாகவே பரவின, வந்தவர்கள் நிலைத்தார்கள். கூத்துக்கு ஆட்டம் பேச இன்று தொலைபேசியில் அழைப்பவர்களில் பெரும்பகுதியினர் அந்தப் பாடங்களைப் பார்த்தவர்கள்.

உலகின் பிற பகுதிகளிலும் இதே கேள்வி வெவ்வேறு உருவில் எழுந்துள்ளது. இசையமைப்பாளர் பாக்கின் இசையை மூக் மின்னிசைக் கருவியில் வாசித்து 1968-இல் வெண்டி கார்லோஸ் வெளியிட்ட இசைத்தட்டு பெரும் புகழ் ஈட்டியபோது, அவர் தாம் பெண் என்பதை வெளியே சொல்ல முடியாத நிலையில் இருந்தார். 1979-இல்தான் பொதுவில் பேசினார். ஒலிப்பதிவுக் கூடம் அவருக்கு மறைவிடமாகவும் பணியிடமாகவும் ஒருங்கே இருந்தது. இந்தியாவில் 2016-இல் யாஷ்ராஜ் நிறுவனத்தின் இளையோர் பிரிவான ஒய் ஃபிலிம்ஸ், ஆறு திருநர் பாடகர்களைக் கொண்ட ‘சிக்ஸ் பேக் பேண்ட்’ என்னும் குழுவைத் தேயிலை நிறுவனம் ஒன்றின் விளம்பரத் துணையோடு உருவாக்கியது. அம்முயற்சிக்கு அதே ஆண்டு கேன்ஸ் விளம்பர விழாவில் உயரிய விருதும் கிடைத்தது. திருநங்கையரின் பாட்டை நாடே கேட்கச் செய்த சிறப்பு அதற்கு உண்டு. அத்தகைய திட்டம் ஒன்று முடிவுற்ற பிறகும் கலைஞர்கள் தம் பெயரிலேயே பாடிப் பிழைக்க வகை செய்யப்பட்டிருக்கிறதா என்பதே, இதுபோன்ற அழைப்பு வரும்போது இளையவர்கள் முதலில் கேட்க வேண்டிய கேள்வி.

2020 மார்ச் இறுதியில் பொதுமுடக்கம் வந்தபோது பங்குனிச் சீசன் தொடங்கியிருந்தது; முன்பணம் வாங்கிய ஆட்டங்கள் அனைத்தும் நின்றன, கடைத்தெருவும் மூடியது. ஜூன் 29 அன்று டிக்டாக் தடை செய்யப்பட்டதும், அதில் மட்டும் இரசிகர்களைச் சேர்த்திருந்த இளந்திருநங்கையர் ஒரே இரவில் அனைத்தையும் இழந்தனர். தம் பதிவுகளின் மூலக்கோப்புகளைத் தனியே சேமித்து வைத்திருந்தவர்கள் வேறு தளத்தில் விரைவில் மீண்டனர்; செயலிக்குள்ளேயே பதிந்து செயலிக்குள்ளேயே வைத்திருந்தவர்களுக்கு எதுவும் மிஞ்சவில்லை. தளம் பிறருடையது, பதிவு நம்முடையதாக இருக்க வேண்டும் என்னும் பாடத்தை அந்த ஆண்டு அனைவருக்கும் உணர்த்தியது.

இன்று ஓரிக்கை வீட்டின் முன்னறையில் பாட்டும் ஆர்மோனியமும் பயிலும் திருநங்கையர்க்கு ஸ்வர வரிசையோடு சில நடைமுறைகளும் கற்பிக்கப்படுகின்றன. ஆட்டமோ பதிவோ பேசும்போது தொகை, நேரம், பதிவு செய்யும் உரிமை, பெயர் இடம்பெறும் விதம் ஆகிய நான்கையும் ஒரு தாளில் எழுதி இருவரும் கையெழுத்திட வேண்டும். சேனலின் மின்னஞ்சலும் கடவுச்சொல்லும் கலைஞரிடமே இருக்க வேண்டும். வங்கிக் கணக்கும் அடையாளச் சான்றும் ஒரே பெயரில் அமையும் வரை பணம் தரும் வாய்ப்புகளை அவசரப்பட்டு ஏற்கக் கூடாது. ஒவ்வொரு பதிவின் மூலக்கோப்பும் இரண்டு இடங்களில் இருக்க வேண்டும். ஒன்றாகப் பாடியவர்களுக்கும் வாசித்தவர்களுக்கும் பங்கு பிரித்து, அந்தப் பிரிவினையையும் எழுதி வைக்க வேண்டும். ஜமாவின் பங்கு முறையில் இருந்த நேர்மையை ஏட்டில் ஏற்றுவதே இதன் நோக்கம். 2021-இல் தமிழக அரசு நகரப் பேருந்துகளில் திருநங்கையருக்குக் கட்டணமில்லாப் பயணம் அளித்த பின், சுற்றியுள்ள ஊர்களிலிருந்து ஆர்மோனியப் பெட்டியுடன் வகுப்புக்கு வருபவர்களுக்குச் செலவும் குறைந்துள்ளது.

கூத்துக் களரி, கடைத்தெரு, கூவாகத்துக் கும்மி, கைப்பேசித் திரை ஆகிய நான்கிடத்தும் திருநங்கையரின் பாட்டைத் தமிழ்ச் சமூகம் விரும்பிக் கேட்டே வந்திருக்கிறது. கேட்ட பாட்டுக்கு உரியவர் யார் என்று பதிந்து வைக்கும் பழக்கம்தான் அதனிடம் இல்லாதிருந்தது. சட்டமும் தொழில்நுட்பமும் இன்று அதற்கு வழி வகுத்திருக்கின்றன. அந்த வழியைப் பயன்படுத்தும் அறிவை, குரல் பயிற்சிக்கு ஒப்பாக, முதல் பாடத்திலிருந்தே இளைய கலைஞர்களுக்குக் கொடுப்பது குருவின் கடமை. திருவிழாக் குழுக்களும் இசை நிறுவனங்களும் நிகழ்ச்சி நடத்துவோரும் பாடியவரின் பெயரையும் பங்கையும் எழுத்தில் தருவது அவர்களின் கடமை. இவ்விரண்டும் நிறைவேறும் ஊரில், திருநங்கை ஒருவர் இசையைத் தொழிலாகத் தேர்வது துணிச்சலான செயலாக இராமல், மற்றவர் தறியையோ உழவையோ தேர்வதுபோல் இயல்பான ஒன்றாகும்.